மேடை தந்த மதிப்பு

கலை தன் அழகினால் மட்டுமே மதிப்புப் பெறுகிறது என்றுதான் நானும் எண்ணியிருந்தேன். பரதநாட்டியத்தின் வரலாற்றைப் படித்த பின் அந்த எண்ணம் மாறியது.

இன்று நாம் போற்றும் இந்த ஆடல், 1930 வரை பெரும்பாலும் ‘சதிர்’ என்றே வழங்கியது. தேவதாசி மரபில் வந்த பெண்கள் கோயிலிலும், அரசவையிலும், செல்வர் வீட்டுத் திருமணங்களிலும் அதை ஆடினர். அலாரிப்பு முதல் தில்லானா வரையிலான வரிசையைப் பத்தொன்பதாம் நூற்றாண்டிலேயே தஞ்சை நால்வர் ஒழுங்குபடுத்தியிருந்தனர். ஆக, கலையில் குறை இல்லை. ஆயினும் ஆடியவர்களை ஊர் இழிவாகப் பேசியது. தேவதாசி முறையின் கொடுமையை எதிர்த்து டாக்டர் முத்துலட்சுமி ரெட்டி போராடிய காலம் அது. முறையின் மீது விழுந்த பழி ஆடலின் மீதும் விழுந்தது.

பின் மதிப்பு எவ்வாறு வந்தது? ஆடலுக்காக வழக்கறிஞர் ஈ. கிருஷ்ண ஐயர் வாதாடினார். 1932இல் சென்னை மியூசிக் அகாடமி ‘பரதநாட்டியம்’ என்னும் பெயரை ஏற்றது. பெயரை அடுத்து, ஆடுபவரும் மாறினர். பந்தநல்லூர் மீனாட்சிசுந்தரம் பிள்ளையிடம் பயின்ற ருக்மிணி தேவி 1935இல் அடையாற்றில் மேடையேறினார். மறு ஆண்டே கலாக்ஷேத்ராவைத் தொடங்கினார். சபாக்கள், பயிற்சிப் பள்ளிகள், பத்திரிகை விமர்சனங்கள், விருதுகள் யாவும் சேர்ந்து புதிய மதிப்பைப் படைத்தன. கலையை ஆக்குவது கலைஞர் ஒருவர் மட்டுமல்ல, பலர் கூடி இயங்கும் ‘கலை உலகம்’ என்று அமெரிக்கச் சமூகவியலறிஞர் ஹோவர்டு பெக்கர் 1982இல் எழுதினார். நம் நாட்டியமே அதற்குச் சான்று.

ஆனால் என் நெஞ்சை உறுத்துவது வேறொன்று. 1947இல் வந்த சட்டம் பெண்களைக் கோயிலுக்குப் பொட்டுக் கட்டி விடுவதைத் தடுத்தது. அது வேண்டிய சட்டமே. எனினும் ஆடலுக்குப் பெருமை வந்த வேளையில், அதைத் தலைமுறை தலைமுறையாகக் காத்த பெண்களுள் பெரும்பாலோர் மேடையில் இல்லை. 1973இல் சங்கீத கலாநிதி விருது பெற்ற பாலசரஸ்வதி போன்றோர் மிகச் சிலரே. கலை உயர்ந்தது, காத்தவர் உயரவில்லை.

நம் கல்லூரி விழாவில் பரதம் ஆடினால் அரங்கம் அமைதியாகிறது. கரகம் ஆடினால் சீழ்க்கை பறக்கிறது. இந்த வேறுபாடு ஆடலில் இருக்கிறதா, நம் கண்ணில் இருக்கிறதா? மதிப்பு மனிதர் ஆக்கியது. ஆகவே மனிதர் மாற்றக்கூடியது. நாளை கரகாட்டத்திற்கும் நல்ல மேடை அமையலாம். அன்று, இன்று குடம் சுமந்து ஆடுபவரையும் அந்த மேடையில் காண வேண்டும் என்பதே என் ஆசை.