சதாசிவம் நுழைந்த வாசலும் பதுளைத் தோட்டங்களும்

1948 மார்ச் 27. கப்பலில் இங்கிலாந்து போகும் வழியில் கொழும்பில் இறங்கிய டொன் பிரட்மனின் அவுஸ்திரேலிய அணி, ஓவல் மைதானத்தில் இலங்கையுடன் ஒருநாள் ஆட்டம் ஆடியது. இலங்கை அணியின் தலைவர் ஒரு தமிழர், மகாதேவன் சதாசிவம். அதே ஆண்டு நவம்பர் 15இல் 18ஆம் இலக்கப் பிரஜாவுரிமைச் சட்டம் நடைமுறைக்கு வந்தது. பதுளை, பசறை, அப்புத்தளை உட்பட மலையகமெங்கும் ஏறத்தாழ 7 இலட்சம் தோட்டத் தமிழர் நாடற்றவர்களானார்கள்.

ஒரு தமிழர் நாட்டின் அணிக்குத் தலைமை தாங்கிய அதே ஆண்டில் இலட்சக்கணக்கான தமிழர் இந்த நாட்டவரே அல்ல என்று ஆனது எப்படி? சதாசிவம் வந்த வழியைப் பார்த்தால் விடையின் ஒரு பகுதி தெரியும்.

1915இல் பிறந்த அவர் கொழும்பு வெஸ்லி கல்லூரியில் படித்து, தமிழ் யூனியன் கழகத்துக்கு ஆடினார். 1947இல் சென்னை சேப்பாக்கத்தில் தென்னிந்திய அணிக்கு எதிராக அவர் அடித்த 215 ஓட்டங்களைப் பற்றி இன்றும் பேசுகிறார்கள். பின்னர் சிங்கப்பூர், மலாயா அணிகளுக்கும் தலைமை தாங்கினார். இலங்கைக்கு டெஸ்ட் தகுதி கிடைத்தது 1981இல்தான். அவரோ 1977இலேயே காலமாகிவிட்டார்.

அக்காலக் கிரிக்கெட்டுக்கு ஒரே பாதைதான் இருந்தது. பெரிய கல்லூரி, அதன்பின் கொழும்புக் கழகம், அதன்பின் தேசிய அணி. கழகங்களும் சிங்களவர், தமிழர், பறங்கியர், முஸ்லிம்கள் என இனவாரியாகவே அமைந்திருந்தன. 1899இல் தொடங்கிய தமிழ் யூனியன் பெயரளவில் எல்லாத் தமிழருக்கும் உரியது. ஆனால் கல்லூரி வாசலை மிதிக்காதவருக்கு அங்கே போக வழியில்லை.

ஊவாவின் லயன்களில் அந்த முதற்படியே இருக்கவில்லை. தோட்டப் பாடசாலைகள் பெரும்பாலும் ஐந்தாம் வகுப்போடு முடிந்தன. அதன்பின் பிள்ளையின் கையில் கொழுந்துக் கூடையோ கவ்வாத்துக் கத்தியோதான். மைதானமும் கழகமும் துரைமாருக்கு இருந்தன. அங்கே தொழிலாளி வேலைக்காரராக மட்டுமே நுழையலாம். பிரஜாவுரிமையும் போனபின், எத்தனை திறமை இருந்தாலும் நாட்டுக்காக ஆடும் பேச்சுக்கே இடமில்லை.

1951இல் சதாசிவத்தின் மனைவி கொலை செய்யப்பட்டார். அவ்வழக்கில் கைதான சதாசிவம் 1953இல் விடுதலையானார். அவருக்காக வாதாடியவர் கொல்வின் ஆர். டி சில்வா. தோட்டத் தமிழரின் உரிமையைப் பறித்த சட்டத்தைப் பாராளுமன்றத்தில் எதிர்த்த இடதுசாரித் தலைவர்களில் அவரும் ஒருவர். அணித்தலைவருக்கு நீதிமன்றத்தில் வழி பிறந்தது. தோட்டத் தமிழரோ 1964இன் சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தத்தில் இரு அரசுகளால் எண்ணிக்கையாகப் பங்கிடப்பட்டார்கள். நாடற்றோர் பிரச்சினைக்குச் சட்டத்தில் முடிவு கட்ட 2003 வரை ஆனது.

"முரளிதரன் மலையகத்திலிருந்துதானே வந்தார்?" என்று கேட்கலாம். உண்மை. அவருடைய பாட்டனார் தேயிலைத் தோட்ட வேலைக்காக இந்தியாவிலிருந்து வந்தவர். ஆனால் முரளிதரன் பிறக்கும்போது குடும்பம் வியாபாரத்துக்கு மாறியிருந்தது. அவர் படித்தது கண்டி மாவட்டத்தின் புனித அந்தோனியார் கல்லூரியில். ஆடியது அதே தமிழ் யூனியனுக்கு. 800 விக்கெட்டுகளுக்குச் சொந்தக்காரரும் சதாசிவம் நுழைந்த வாசலால்தான் நுழைந்தார். லயனிலிருந்து நேராகப் போகும் வாசல் ஒன்று அவருக்கும் இருக்கவில்லை.

வன்செயல்களால் மலையகத்திலிருந்து துரத்தப்பட்டு வன்னியில் குடியேறி, அங்கே போரையும் சுமந்த குடும்பங்களுக்கு இது புதிய கதையல்ல. சதாசிவத்தையும் முரளிதரனையும் நாம் பெருமையோடு சொல்கிறோம், சொல்லத்தான் வேண்டும். ஆனால் இரண்டு பெயர்களைக் காட்டி, வாசல் எல்லோருக்கும் திறந்திருந்தது என்று சொல்லிவிட முடியாது.

இன்று சட்டத் தடை இல்லை. ஆனால் தோட்டத்துப் பிள்ளை ஒன்று பதுளை நகரில் பயிற்சிக்கு வர வேண்டுமானால் பஸ் காசு, சப்பாத்து, மட்டை எல்லாமே ஒரு நாட்சம்பளக் குடும்பத்திலிருந்து வர வேண்டும். தோட்டப் பாடசாலைகளுக்கு ஒரு பயிற்றுநரும் சமதரையான ஒரு மைதானமும் கேட்பது சலுகை கேட்பதாகாது. 1948இல் மூடிய வாசலின் மிச்சத்தைத் திறக்கச் சொல்வதுதான் அது.