ஏ. எம். ராஜாவின் அடங்கிய இசை

குறைவாக ஒலித்து மிகுதியாக உணர்த்துவதும் ஒரு கலை. அதற்கு ஏ. எம். ராஜாவை நான் சான்றாகக் காட்டுவேன். மென்குரற் பாடகராகப் புகழ்பெற்ற பின்னரே அவர் இசையமைக்கலானார். ஸ்ரீதர் இயக்கிய ‘கல்யாணப் பரிசு’ (1959) படத்தில், காதலில் தோற்ற பெண்ணின் துயரைச் சுசீலாவின் குரலிலும், ஆணின் துயரைத் தம் குரலிலும், ஒரே மெட்டில் அமைத்தார். வாத்தியங்கள் குரலுக்கு வழிவிட்டு ஒதுங்கி நிற்கின்றன. ஆதலின் பட்டுக்கோட்டையாரின் சொற்கள் தெளிவாகக் கேட்கின்றன. துயரின் எஞ்சிய பகுதியைக் கேட்போர் உள்ளமே நிரப்பிக்கொள்கிறது. ‘தேன் நிலவு’ (1961), ‘ஆடிப்பெருக்கு’ (1962) ஆகியவற்றிலும் இந்நெறியே விளங்குகிறது. அவர் இசையமைத்த படங்கள் சிலவே. 1989இல் அவர் மறைந்தார், பாடல்கள் மறையவில்லை. ஆசிரியர் குரலைத் தாழ்த்தினால் வகுப்பு செவிசாய்க்கும் என்பது என் அனுபவம். இசைக்கும் அஃதே பொருந்தும்.