ஒளியோடு ஒளி சேர்ந்தால் இருட்டு

விடுமுறைக்கு ஊருக்குப் போகிற நம் சங்கக் குடும்பங்களில், திருப்பதிக்குப் போகாமல் திரும்புகிறவர்கள் மிகச் சிலரே. வேலூர் வழியாகவோ பெங்களூர் வழியாகவோ சித்தூர் வந்து, அங்கிருந்து மலையடிவாரம் போய்ச் சேருகிறோம். அந்த வழியில் பாகாலாவை அடுத்து காதங்கி என்றொரு சிற்றூர் உண்டு. குன்றுகள் சூழ்ந்த அந்த இடத்தில், வரிசைக்கு 32 வீதம் 32 வரிசைகளாக, மொத்தம் 1024 ஆன்டெனாக்கள் ஆகாயத்தைப் பார்த்து நிற்கின்றன. அப்படி ஒன்று இருப்பதே தெரியாமல் நம்மில் பலரும் கடந்து போகிறோம்.

அது ஒரு ரேடார். மேலே வீசும் காற்றை அளப்பது அதன் வேலை. ரேடார் என்றதும் விமான நிலையத்தில் சுற்றிக்கொண்டே இருக்கும் தட்டு நினைவுக்கு வரும். காதங்கியில் எதுவும் சுற்றுவதில்லை. ஓர் ஆன்டெனாகூட அசைவதில்லை. ஆனாலும் அதன் அலைக்கற்றை கிழக்கே சாயும், மேற்கே சாயும், நேர் மேலே நிமிரும். இது எப்படி என்று புரிந்துகொள்ள, 1803-ஆம் ஆண்டு லண்டனில் ஒருவர் ஒரு துண்டு அட்டையை வைத்துச் செய்த சோதனையிலிருந்து தொடங்க வேண்டும்.

லண்டன் வைத்தியரின் அட்டை

தாமஸ் யங் என்பவர் தொழிலால் வைத்தியர். பல மொழிகள் அறிந்தவர். எகிப்தியரின் பழைய சித்திர எழுத்தைப் படிக்க முயன்ற முன்னோடிகளில் ஒருவர். அந்தக் காலத்தில் ஒளி என்பது நுண்ணிய துகள்களின் ஓட்டம் என்ற நியூட்டனின் கருத்தே ஓங்கி இருந்தது. யங் அதை ஏற்கவில்லை. ஒளி ஓர் அலை என்றார்.

ஜன்னல் கதவில் சிறு துளையிட்டு, இருட்டறைக்குள் மெல்லிய சூரியக் கற்றையை வரவிட்டார். அதன் குறுக்கே ஓர் அட்டைத் துண்டைப் பிடித்தார். அதன் அகலம் அங்குலத்தில் முப்பதில் ஒரு பங்கு, அதாவது ஒரு மில்லிமீட்டருக்கும் குறைவு. கற்றை இரண்டாகப் பிரிந்து அட்டையின் இருபுறமும் சென்றது. எதிரே விழுந்த நிழலுக்குள் வெளிச்சமும் இருட்டுமாக மாறி மாறிக் கோடுகள் தெரிந்தன. அட்டையின் ஒரு பக்கம் வரும் ஒளியை மட்டும் மறைத்தார், கோடுகள் மறைந்துவிட்டன!

இதைச் சற்று நிதானமாக யோசித்துப் பாருங்கள். ஒரு பக்கத்து ஒளி மட்டும் வந்தபோது வெளிச்சமாக இருந்த இடம், இரண்டாவது பக்கத்து ஒளியும் வந்து சேர்ந்தபோது இருட்டாகிறது. வெளிச்சத்தைக் கூட்டினால் இருள் வருகிறது. துகள்களை வைத்து இதை எப்படி விளக்குவது?

பின்னர் 1807-இல் அச்சான தம் சொற்பொழிவு நூலில், அருகருகே உள்ள இரண்டு துளைகள் அல்லது பிளவுகள் வழியே ஒளி செல்வதாக இதையே யங் விளக்கினார். கல்லூரிப் பாடப் புத்தகங்களில் வரும் இரட்டைப் பிளவுச் சோதனை இதுதான்.

ஊர் உடனே பாராட்டிவிடவில்லை. எடின்பரோ ரெவ்யூ பத்திரிகையில் ஹென்றி புரூம் என்பவர் 1803-இலேயே யங்கின் அலைக் கொள்கையைக் கடுமையாகச் சாடியிருந்தார். யங் தம் பதிலைச் சிறு பிரசுரமாக அச்சிட்டார்; அதில் ஒரே ஒரு பிரதிதான் விற்றதாம். பிரான்ஸ் நாட்டில் ஃபிரெனெல் என்ற பொறியாளர் கணக்கோடு நிறுவி, 1819-இல் அந்நாட்டு அறிவியல் கழகத்தின் பரிசைப் பெற்ற பிறகுதான் அலைக் கொள்கைக்கு மதிப்பு ஏற்பட்டது. அந்த ஃபிரெனெல் சாலை, பாலம் போடும் இலாகாக்காரர் என்பதில் எனக்குத் தனிப்பட்ட மகிழ்ச்சி உண்டு!

கடப்பாரையும் பாட்டும்

ரயில்வேயில் தண்டவாளப் பாதையைப் பராமரிக்கும் பிரிவில் இருந்தவன் நான். மீட்டர் கேஜ் காலத்தில் காட்பாடி–சித்தூர்–பாகாலா–திருப்பதி பாதையில் சில ஆண்டுகள் வேலை பார்த்தேன். வளைவில் பாதை சற்று விலகியிருந்தால் கேங்மேன்கள் வரிசையாக நின்று, கடப்பாரைகளைத் தண்டவாளத்துக்கு அடியில் கொடுத்து நெம்புவார்கள். ஒருவர் பாட்டெடுப்பார், தெலுங்கு பாதி, தமிழ் பாதி. மற்றவர்கள் அடியை வாங்கிக்கொண்டு, பாட்டு விழும் இடத்தில் ஒரே நேரத்தில் நெம்புவார்கள். பாதை நகரும். ஆளுக்கொரு நேரத்தில் நெம்பினால், அதே ஆட்கள், அதே பலம், ஆனால் பாதை அசையாது.

அலைகளின் கதையும் இதுவே. குளத்தில் பக்கத்தில் பக்கத்தில் இரண்டு கற்களைப் போடுங்கள். இரண்டு அலை வட்டங்கள் விரிந்து ஒன்றையொன்று கடக்கும். மேடும் மேடும் சேர்ந்த இடத்தில் தண்ணீர் இன்னும் உயரும். மேடும் பள்ளமும் சேர்ந்த இடத்தில் தண்ணீர் சும்மா கிடக்கும். இரண்டு பிளவுகளிலிருந்து வரும் ஒளியும் அப்படித்தான். சுவரில் ஓர் இடத்துக்கு இரண்டும் கடந்து வந்த தூரங்களின் வித்தியாசம் முழு அலைநீளமாக இருந்தால் அங்கே வெளிச்சம். அரை அலைநீளமாக இருந்தால் இருட்டு. இதைத்தான் குறுக்கீடு என்கிறோம்.

"அப்ப இருட்டான இடத்துல இருந்த வெளிச்சம் எங்க போச்சு தாத்தா?" என்று என் பேத்தி கேட்டாள். நல்ல கேள்வி. அது எங்கும் தொலையவில்லை. இரண்டு சம அலைகள் ஒன்றுகூடும் இடத்தில் அலையின் உயரம் இரு மடங்கு. ஆனால் வெளிச்சம் நான்கு மடங்கு. இருட்டுக் கோட்டில் சூன்யம். நான்கையும் சூன்யத்தையும் சராசரி பார்த்தால் இரண்டு. கணக்கு சரியாக இருக்கிறது. ஒளி அழியவில்லை; ஓரிடத்திலிருந்து இன்னோரிடத்துக்கு மாற்றி வைக்கப்பட்டிருக்கிறது. இந்த வரியை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். காதங்கிக்கு இதுதான் சாவி.

வீட்டிலேயே செய்யலாம்

இதற்கு ஆய்வுக்கூடம் தேவையில்லை. கூட்டங்களில் சுவரைச் சுட்டிக்காட்டப் பயன்படுத்தும் சிவப்பு லேசர் விளக்கு ஒன்று போதும். அதன் வாயின் குறுக்கே ஒரு தலைமுடியை நேராக இழுத்து டேப்பால் ஒட்டுங்கள். அறையை இருட்டாக்கி, 3 மீட்டர் தள்ளியிருக்கும் சுவரில் அடியுங்கள். ஒற்றைப் புள்ளிக்குப் பதிலாக, முடிக்குக் குறுக்குவாட்டில் வெளிச்சமும் இருட்டுமாக ஒரு வரிசை நீண்டு தெரியும். யங்கின் அட்டை இருந்த இடத்தில் இப்போது உங்கள் வீட்டுத் தலைமுடி! (லேசரைப் பெரியவர்களே பிடிக்க வேண்டும். யார் கண்ணிலும் படக்கூடாது. கண்ணாடி போன்ற பளபளப்பான பொருள் மீதும் அடிக்கக்கூடாது.)

அடுத்தடுத்த இரண்டு இருட்டு இடங்களுக்கு இடையே உள்ள தூரத்தை ஸ்கேலால் அளந்து கொள்ளுங்கள். 24 மில்லிமீட்டர் என்று வைத்துக்கொள்வோம். சிவப்பு லேசரின் அலைநீளம் சுமார் 0.00065 மில்லிமீட்டர். அதைச் சுவரின் தூரமான 3000 மில்லிமீட்டரால் பெருக்கினால் 1.95. அதை 24-ஆல் வகுத்தால் 0.08. உங்கள் முடியின் கனம் 0.08 மில்லிமீட்டர்! சாதாரண ஸ்கேலை வைத்து ஒரு முடியின் கனத்தை அளந்துவிட்டோம். தாத்தாவின் முடி, பேத்தியின் முடி என்று ஒவ்வொன்றாக அளந்து பார்க்கலாம்.

எளிய கருவிதானே என்று அலட்சியம் வேண்டாம். சர் சி.வி. இராமன் சென்னை மாநிலக் கல்லூரியில் மாணவராக இருந்தபோது, செவ்வகப் பிளவு ஒன்றின் வழியே சாய்வாகச் சென்ற ஒளியின் கோடுகள் இருபுறமும் ஒரே மாதிரி இல்லாததைக் கவனித்தார். அதைப் பற்றி எழுதிய கட்டுரை 1906-ஆம் ஆண்டு நவம்பரில் லண்டனின் ஃபிலசாஃபிகல் மேகசின் இதழில் வெளிவந்தது. அதுவே அவருடைய முதல் ஆய்வுக் கட்டுரை. அப்போது அவருக்கு வயது 18.

இந்தக் கோடுகளுக்குள் இன்னொரு புதிரும் இருக்கிறது. கேம்பிரிட்ஜில் ஜி.ஐ. டெய்லர் 1909-இல் ஓர் ஊசியின் நிழலைப் படம் பிடித்தார். ஒளியை மிக மிக மங்கலாக்கி, ஒரு படத்துக்கு ஏறக்குறைய 2000 மணி நேரம் காத்திருந்தார். அப்போதும் கோடுகள் மங்காமல் தெளிவாக விழுந்தன. ஜப்பானில் டோனோமுரா குழுவினர் 1989-இல் எலக்ட்ரான்களை ஒவ்வொன்றாக அனுப்பிப் பார்த்தனர். ஒவ்வொன்றும் ஒரு புள்ளியாகவே வந்து விழுந்தது. புள்ளிகள் ஆயிரக்கணக்கில் சேர்ந்தபோது அதே வரிக் கோடுகள்! ஒற்றைத் துகளாக வந்து விழுவதற்கும் அலையின் கணக்கு பொருந்துகிறது. எந்த வழியாக அது வந்தது என்று சோதித்து அறிய முயன்றால் கோடுகள் மறைந்துவிடும். குவாண்டம் இயற்பியலின் வாசல் இங்கேதான் இருக்கிறது.

இரண்டிலிருந்து ஆயிரத்து இருபத்து நான்கு

இப்போது காதங்கிக்கு வருவோம். 1990-களின் தொடக்கத்தில் அங்கே தேசிய எம்.எஸ்.டி. ரேடார் நிலையம் அமைந்தது. அன்று அது சித்தூர் மாவட்டம்; மாவட்டம் பிரிந்து திருப்பதி தனி மாவட்டமானது 2022-இல்தான். ரேடாரைக் கட்டியது சமீர் என்ற மத்திய அரசின் மின்னணுவியல் நிறுவனம். 2005 முதல் இந்த நிலையத்துக்கு தேசிய வளிமண்டல ஆய்வுக்கூடம் என்று பெயர். விண்வெளித் துறையைச் சேர்ந்தது.

ரேடாரின் அலை 53 மெகாஹெர்ட்ஸ், அலைநீளம் 5.66 மீட்டர். ஒளியலையைவிடப் பல லட்சம் மடங்கு நீளம். ஆனால் விதி அதேதான். ஆன்டெனாக்கள் ஏறத்தாழ 4 மீட்டருக்கு ஒன்றாக, 130 மீட்டர் சதுரத்தில் நிற்கின்றன. ஒவ்வொன்றையும் ஒரு பிளவு என்று எண்ணிக்கொள்ளுங்கள். இரண்டே பிளவுகள் இருந்தால் அகலமான, மங்கலான பட்டைகள்தான் வரும். பிளவுகள் கூடக்கூட வெளிச்சக் கோடு ஒல்லியாகிக் கூர்மையாகும். 1024 சேர்ந்தால், மூன்று பாகை அகலமே உள்ள ஒரே கற்றை. மற்ற திசைகளில் மேடும் பள்ளமும் ஒன்றையொன்று தின்றுவிடுகின்றன.

அந்தக் கற்றையைச் சாய்ப்பது எப்படி? கேங்மேன் பாட்டை ஞாபகப்படுத்திக்கொள்ளுங்கள். எல்லாரும் ஒரே கணத்தில் நெம்பாமல், இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடிவரை ஒருவருக்கு அடுத்தவர் இம்மியளவு தாமதித்து நெம்பினால்? அலைகள் ஒன்றுகூடும் திசை மாறிவிடும். 10 பாகை சாய்க்க, அடுத்தடுத்த வரிசைகளுக்கு இடையே தாமதம் சுமார் 2.3 நானோ வினாடி, அதாவது ஒரு வினாடியை நூறு கோடியாக்கினால் அதில் இரண்டே கால் பங்கு! அந்தத் தாமதத்தை மின்னணுச் சுற்றுகள் கொடுக்கின்றன. இரும்பு அசையாமலே கற்றை அசைகிறது.

முதலில் 32 டிரான்ஸ்மிட்டர்கள் இருந்தன. நடுவில் இருந்தவை 120 கிலோவாட் வரை. ஓரம் போகப்போகக் குறைந்து 20 கிலோவாட். ஓரங்களில் பலத்தைக் குறைத்தால் பக்கவாட்டில் கசியும் சிறு கற்றைகள் அடங்கும். பின்னாளில் ஒவ்வோர் ஆன்டெனாவுக்கும் தனித்தனிக் கருவி வைத்துப் புதுப்பித்தார்கள்.

மேலே போன அலை எதில் பட்டுத் திரும்புகிறது? காற்றில்தான். காற்றில் வெப்பமும் ஈரமும் ஒரே சீராக இருப்பதில்லை. சிறு சிறு கொந்தளிப்புகள் உண்டு. அவற்றில் 2.83 மீட்டர் இடைவெளியில் அமைந்தவற்றை மட்டும் இந்த ரேடார் நன்றாகக் கேட்கும். ஏனெனில் அலை 2.83 மீட்டர் கூடுதலாகப் போய்த் திரும்பி வந்தால் மொத்தம் 5.66 மீட்டர், சரியாக ஒரு முழு அலைநீளம். எதிரொலிகள் ஒன்றுகூடி வலுக்கின்றன. போகும்போதும் குறுக்கீடு, வரும்போதும் குறுக்கீடு. நம்மை நோக்கி வரும் ரயிலின் விசில் உச்சமாகவும், விலகிப் போகும் ரயிலின் விசில் தாழ்ந்தும் கேட்கிறதல்லவா? அதேபோல், திரும்பி வந்த அலையின் அதிர்வு எவ்வளவு மாறியிருக்கிறது என்று பார்த்து, காற்றின் வேகத்தைக் கணக்கிடுகிறார்கள்.

இதனால் யாருக்கு லாபம்?

வானிலை நிலையங்கள் மேல் காற்றை அறிய நாளைக்கு இரண்டு முறை பலூன் விடுவது வழக்கம். இந்த ரேடாரோ சில நிமிடங்களுக்கு ஒரு முறை, சுமார் 20 கிலோமீட்டர் உயரம்வரை காற்றைப் பார்க்கும். காற்று மேலெழுகிறதா, கீழிறங்குகிறதா என்பதையும் நேரடியாக அளக்கும். மழை மேகம் வளர்வதற்கு அதுதானே ஆதாரம்! தென்மேற்குப் பருவ மாதங்களில் தென்னிந்தியாவின் மேல் சுமார் 16 கிலோமீட்டர் உயரத்தில் கிழக்கிலிருந்து பலத்த காற்று ஓடுகிறது. நம் நாட்டு அறிஞர் பி. கோடேஸ்வரம் 1958-இல் இதைப் பற்றி எழுதிய கட்டுரை புகழ்பெற்றது. அந்தக் காற்றோட்டத்தைக் காதங்கி ரேடார் நேராக அளக்கிறது.

மழையை நம்பியும் மழைக்கு அஞ்சியும் வாழ்கிற சீமை அது. 2021 நவம்பரில் திருப்பதித் தெருக்களில் வெள்ளம் ஓடியது. அதே மழையில், பக்கத்துக் கடப்பைப் பகுதியில் செய்யேறு ஆற்றின் அன்னமய்யா அணை உடைந்தது. கிராமங்கள் மூழ்கின, ரயில் பாதை அரித்துக்கொண்டு போயிற்று. ஒரு ரேடார் வெள்ளத்தை நிறுத்திவிடாது. ஆனால் மேகம் எப்படிக் கட்டுகிறது, காற்று அதை எங்கே கொண்டுபோகிறது என்று ஆண்டுக்கணக்கில் பொறுமையாக அளந்தால்தான் முன்னறிவிப்பு நாளுக்கு நாள் மேம்படும். மழை இரவில் டார்ச் விளக்கும் கையுமாகப் பாதையைச் சோதிக்க நடக்கும் ரயில்வே ஊழியருக்கு அதன் அருமை தெரியும்.

பிள்ளைகளுக்கு நம் ஊர் என்றால் கோயிலும் உறவினர் வீடும் மட்டும் என்ற எண்ணம் வந்துவிடக்கூடாது. காதங்கி நிலையத்துக்குள் அனுமதியின்றி நுழைய முடியாது. ஆனால் காரை ஓரமாக நிறுத்தி, "இந்தப் பக்கம் ஆயிரத்து இருபத்து நான்கு ஆன்டெனாக்கள் ஒரே தாளத்தில் பாடிக்கொண்டு காற்றைக் கேட்கின்றன" என்று அவர்களிடம் சொல்ல யார் அனுமதியும் வேண்டாம். அதற்கு முன்னால், இந்த வார விடுமுறையில் ஒரு தலைமுடியை அளந்து பாருங்கள். கிடைத்த எண்ணை நம் மலருக்கு எழுதி அனுப்பினால், அடுத்த இதழில் எல்லாவற்றையும் பட்டியலிட்டுப் பார்ப்போம்.