சின்னக் கார் வளர்ந்த கதை

நெய்யாற்றின்கரையிலிருந்து பாறசாலை வழியாகக் களியக்காவிளைக்குப் போகும் சாலையில் எத்தனை கார்கள் ஓடுகின்றன! சிலவற்றின் எண் பலகையில் கே.எல். 20 என்று இருக்கும். அது நெய்யாற்றின்கரை வண்டி. கே.எல். 19 என்றால் பாறசாலை வண்டி. டி.என். 75 என்றால் எல்லைக்கு அப்பால் மார்த்தாண்டத்து வண்டி.

பெரிய கார்களின் நடுவே சின்னக் கார் ஒன்றும் எப்போதாவது ஓடும். அதன் கூரை தாழ்வானது. சக்கரம் சிறியது. அதுதான் மாருதி 800.

இந்தக் கார் இப்போது தயாராவது இல்லை. ஆனாலும் பழைய வண்டியாகக் கை மாறுகிறது. கையில் பணம் குறைவாக உள்ள குடும்பம் இப்படிப்பட்ட பழைய சின்னக் காரைத்தான் முதலில் தேடும். வாங்குவதற்கு முன்பு அதன் கதையைத் தெரிந்து கொள்வது நல்லது. எந்தக் காலத்து வண்டி என்று தெரிந்தால், அதில் என்ன உண்டு, என்ன இல்லை என்றும் தெரியும். இது பணத்தைப் பற்றிய கேள்வி மட்டும் அல்ல. உள்ளே உட்காருபவர்களின் உயிரைப் பற்றிய கேள்வியும் ஆகும்.

முன்பு இருந்த கார்கள்

1980 வரை நம் நாட்டில் இரண்டு கார்களே அதிகம் ஓடின. ஒன்று அம்பாசிடர். மற்றொன்று பத்மினி. பத்மினியைப் பலரும் 'ஃபியட்' என்றே சொல்வார்கள்.

அம்பாசிடர் 1950களின் கடைசியில் வந்தது. இங்கிலாந்து நாட்டின் மோரிஸ் ஆக்ஸ்போர்டு காரைப் பார்த்துச் செய்தது. கனமான வண்டி. உறுதியான தகடு. டாக்சி ஸ்டாண்டுகளில் அதுதான் வரிசையாக நின்றது. கல்யாணத்துக்கும் அதுதான். ஆஸ்பத்திரிக்கும் அதுதான். ஆனால் பெட்ரோல் அதிகம் குடிக்கும். ஒரு லிட்டருக்கு ஏறக்குறைய 10 கிலோமீட்டர்தான் ஓடும்.

புதிய கார் வேண்டும் என்றால் பணம் கட்டிவிட்டு ஆண்டுக் கணக்கில் காத்திருக்க வேண்டும். அதனால் கார் என்பது பணக்காரர் வீட்டுப் பொருளாகவே இருந்தது.

தறி செய்தவர்கள் கார் செய்தார்கள்

பாலராமபுரத்தில் கைத்தறி ஓடும் சத்தத்தைக் கேட்டிருப்பீர்கள். மாருதி காரின் கதையும் தறியில்தான் தொடங்குகிறது.

ஜப்பான் நாட்டில் ஹமாமட்சு என்று ஒரு ஊர். அங்கே மிச்சியோ சுசூகி என்பவர் 1909-இல் தறி செய்யும் பட்டறை தொடங்கினார். பின்னாளில் அந்தக் கம்பெனி மோட்டார் வண்டிகள் செய்தது. 1955-இல் தன் முதல் சின்னக் காரை வெளியிட்டது. ஜப்பானில் இடம் குறைவு. தெருக்கள் குறுகியவை. அதனால் அந்த நாட்டு அரசு மிகச் சிறிய கார்களுக்கு வரியைக் குறைத்தது. சுசூகி கம்பெனி அந்தச் சின்னக் கார்களில் தேர்ச்சி பெற்றது.

நம் நாட்டில் 1971-இல் மாருதி என்ற பெயரில் ஒரு தனியார் கம்பெனி தொடங்கியது. மலிவான கார் செய்வது அதன் நோக்கம். அந்த முயற்சி வெற்றி பெறவில்லை. 1981-இல் மத்திய அரசு 'மாருதி உத்யோக்' என்ற அரசு நிறுவனத்தைத் தொடங்கியது. 1982 அக்டோபரில் அது சுசூகியுடன் ஒப்பந்தம் செய்தது. ஹரியானா மாநிலத்தில் குர்கான் என்ற ஊரில் தொழிற்சாலை நடந்தது.

முதல் தலைமுறை: 1983

1983-இல் காருக்குப் பெயர் பதிவு செய்யத் தொடங்கினார்கள். முன்பணம் 10 ஆயிரம் ரூபாய். ஒரு லட்சத்துக்கும் அதிகமானோர் பணம் கட்டினார்கள். அதே ஆண்டு டிசம்பர் 14-ஆம் தேதி முதல் கார் விற்பனைக்கு வந்தது. பிரதமர் இந்திரா காந்தி அதன் சாவியை வழங்கினார். பெற்றுக்கொண்டவர் அமைச்சரும் அல்ல, முதலாளியும் அல்ல. டில்லியில் வேலை பார்த்த ஓர் ஊழியர். காரின் விலை சுமார் 50 ஆயிரம் ரூபாய்.

இந்தக் காரில் என்ன புதுமை? மூன்று விஷயங்கள் இருந்தன.

ஒன்று, சிறிய என்ஜின். அம்பாசிடர் என்ஜினின் அளவு ஏறக்குறைய 1,500 சி.சி. மாருதி என்ஜினின் அளவு 796 சி.சி. அதாவது, பாதியை விடச் சற்று அதிகம். இந்த எண்ணிலிருந்துதான் 800 என்ற பெயர் வந்தது.

இரண்டு, குறைந்த எடை. அம்பாசிடரின் எடை 1,000 கிலோவுக்கும் மேல். மாருதியின் எடை சுமார் 650 கிலோ. சுமை குறைந்தால் மாட்டுக்கும் களைப்பு குறையும் அல்லவா? காரும் அப்படித்தான். எடை குறைந்ததால் பெட்ரோல் செலவும் குறைந்தது.

மூன்று, முன் சக்கரம் இழுக்கும் முறை. அம்பாசிடரில் என்ஜின் முன்னால் இருக்கும். ஆனால் பின் சக்கரம்தான் வண்டியைத் தள்ளும். அதற்காக ஒரு நீண்ட இரும்புத் தண்டு காரின் அடியில் ஓடும். மாருதியில் என்ஜினைக் குறுக்காக வைத்தார்கள். அது முன் சக்கரத்தையே சுழற்றியது. நீண்ட தண்டு தேவைப்படவில்லை. அந்த இடம் ஆட்கள் உட்கார உதவியது. அதனால்தான் வெளியே சிறிதாக இருந்த கார் உள்ளே நாலு பேருக்கு இடம் கொடுத்தது.

இரண்டாம் தலைமுறை: 1986

1986-இல் மாருதி 800 புதிய உருவம் பெற்றது. முன்பு பெட்டி போல இருந்தது. இப்போது சற்று நீண்டது. மூலைகள் வளைந்தன. உள்ளே இடமும் கூடியது. என்ஜின் பழையதுதான். நம் ஊர்களில் இன்று காணும் மாருதி 800 எல்லாம் பெரும்பாலும் இந்த உருவம் கொண்டவை.

1987-இல் இந்தக் கார் ஐரோப்பாவில் உள்ள ஹங்கேரி நாட்டுக்குக் கப்பலேறியது. நம் நாட்டில் செய்த கார் வெளிநாட்டுச் சாலையில் ஓடியது.

நம் நாட்டிலும் அதன் அருமை தெரிந்தது. இதை ஓட்டுவது எளிது. பெண்களும் பலர் இதில்தான் கார் ஓட்டப் படித்தார்கள். குறுகலான ஊர்ப் பாதையிலும் திருப்பலாம். பழுது பார்க்க எல்லா ஊரிலும் ஆள் உண்டு. பெயர் சொன்னால் ஸ்பேர் பார்ட்ஸ் கடையில் சாமான் கிடைக்கும்.

புகையைக் குறைத்த காலம்: 2000

கார் பெருகியது. புகையும் பெருகியது. பழைய காலத்துப் பெட்ரோலில் ஈயம் கலந்திருந்தார்கள். அந்த ஈயம் புகையோடு வெளியே வந்தது. ஈயம் குழந்தைகளின் மூளை வளர்ச்சியைக் கெடுக்கும். அதனால் 2000 பிப்ரவரி முதல் நாடு முழுவதும் ஈயம் இல்லாத பெட்ரோலே விற்பனையாகிறது.

அந்தக் காலத்தில் மாருதியின் என்ஜினும் மாறியது. அதற்கு முன் 'கார்புரேட்டர்' என்ற கருவி பெட்ரோலையும் காற்றையும் கலந்தது. அது கண்ணளவாகக் குழம்புக்கு உப்புப் போடுவது போன்றது. சில நேரம் கூடும். சில நேரம் குறையும். கூடினால் பெட்ரோல் முழுவதும் எரியாது. புகையாகப் போகும். புதிய முறையில் ஒரு சின்னக் கம்ப்யூட்டர் காற்றை அளந்து, அதற்கு ஏற்ற பெட்ரோலை மட்டும் பீய்ச்சியது. செலவும் குறைந்தது. புகையும் குறைந்தது.

புகை பற்றிய அரசு விதிகள் படிப்படியாகக் கடுமையாகின. 2010-இல் பெரிய நகரங்களுக்குப் புதிய விதி வந்தது. மாருதி 800-ஐ அந்த விதிக்கு ஏற்ப மாற்றவில்லை. அதனால் அந்த நகரங்களில் விற்பனை நின்றது. 2014 ஜனவரி 18-ஆம் தேதியோடு உற்பத்தியும் நின்றது. 30 ஆண்டுகளில் 25 லட்சத்துக்கும் அதிகமான கார்கள் வெளிவந்திருந்தன.

பின்னால் வந்தவர்கள்

1998-இல் இரண்டு போட்டிக் கார்கள் வந்தன. ஒன்று ஹூண்டாய் கம்பெனியின் சான்ட்ரோ. இது சென்னைக்கு அருகே இருங்காட்டுக்கோட்டையில் தயாரானது. மற்றொன்று டாடா கம்பெனியின் இண்டிகா.

2009-இல் டாடா கம்பெனி நானோ காரைக் கொண்டு வந்தது. ஒரு ஸ்கூட்டரில் அப்பா, அம்மா, இரண்டு பிள்ளைகள் என நாலு பேர் மழையில் நனைந்து போகிறார்கள். அவர்களுக்கு ஒரு லட்சம் ரூபாயில் கார் தர வேண்டும். இதுதான் நானோவின் எண்ணம். எண்ணம் நல்லது. ஆனால் மக்கள் எதிர்பார்த்த அளவுக்கு வாங்கவில்லை. 2018-இல் அது நின்று போனது.

மாருதி 800-இன் இடத்தைப் பிடித்தது அதே கம்பெனியின் ஆல்டோ. 2000-இல் வந்தது. 2012-இல் ஆல்டோ 800 என்று உருவம் மாறியது. 2023-இல் ஆல்டோ 800-ம் நின்றது. அதைவிடப் பெரிய என்ஜின் கொண்ட ஆல்டோ கே10 தொடர்ந்தது. கம்பெனியும் மாறியது. 2007-இல் அரசு தன் கடைசிப் பங்குகளையும் விற்றது. பெயர் மாருதி சுசூகி ஆனது.

உயிர் காக்கும் மாற்றம்

முதலில் 'விலை என்ன?' என்று கேட்டார்கள். பிறகு 'எத்தனை கிலோமீட்டர் ஓடும்?' என்று கேட்டார்கள். 'மோதினால் உள்ளே இருப்பவர் பிழைப்பாரா?' என்ற கேள்வி கடைசியில்தான் வந்தது.

பஸ்ஸில் நிற்கிறீர்கள். டிரைவர் திடீரென்று பிரேக் போடுகிறார். பஸ் நிற்கிறது. உங்கள் உடம்பு முன்னால் பாய்கிறது. கார் மோதும்போதும் இதுதான் நடக்கும். கார் 60 கிலோமீட்டர் வேகத்தில் போனால், உள்ளே இருப்பவரும் அதே வேகத்தில் போகிறார். கார் நின்றாலும் அவர் நிற்க மாட்டார். அவரைப் பிடித்து நிறுத்துவது சீட் பெல்ட். முகமும் மார்பும் அடிபடாமல் தாங்குவது காற்றுப் பை. அது கண் இமைக்கும் நேரத்தில் விரியும். பெல்ட் போட்டவருக்குத்தான் காற்றுப் பை நன்மை செய்யும்.

2014-இல் குளோபல் என்கேப் என்ற அமைப்பு இந்தியாவின் ஐந்து சின்னக் கார்களை 64 கிலோமீட்டர் வேகத்தில் மோதவிட்டுச் சோதித்தது. ஐந்திலும் காற்றுப் பை இல்லை. பெரியவர்களைக் காப்பதில் ஐந்தும் பூஜ்யம் வாங்கின. அவற்றில் ஆல்டோ 800-ம் ஒன்று.

பிறகு அரசு விதிகள் வந்தன. 2019 ஏப்ரல் முதல் எல்லாப் புதுக் காரிலும் ஏ.பி.எஸ். பிரேக் கட்டாயம் ஆனது. சாதாரண பிரேக்கை அழுத்தி மிதித்தால் சக்கரம் பூட்டிக்கொள்ளும். மழை நேரத்தில் கார் வழுக்கும். ஏ.பி.எஸ். அப்படிப் பூட்ட விடாது. 2019 ஜூலை முதல் டிரைவருக்குக் காற்றுப் பை கட்டாயம். 2021-இல் அருகில் இருப்பவருக்கும் கட்டாயம் ஆனது. 2025-இல் ஆல்டோ கே10 எல்லா வகையிலும் 6 காற்றுப் பைகளோடு வந்தது.

மாருதி 800-இல் காற்றுப் பை இல்லை. ஏ.பி.எஸ். இல்லை. ஊருக்குள் மெதுவாகப் போய்வர அது உதவும். முக்கோலையிலிருந்து காரோடு வரை போகும் அகன்ற கான்கிரீட் சாலையில் மற்ற வண்டிகளோடு போட்டி போட அது ஏற்றது அல்ல.

பழைய கார் வாங்குபவர் கவனிக்க

1. ஆர்.சி. புத்தகத்தைப் பாருங்கள். எந்த ஆண்டு வண்டி என்று அதில் இருக்கும். சொந்தக் காரின் பதிவு 15 ஆண்டுகளுக்குச் செல்லும். பிறகு வண்டியைக் காட்டி, 5 ஆண்டுக்கு ஒருமுறை புதுப்பிக்க வேண்டும். 2022 ஏப்ரலில் இதன் கட்டணம் 600 ரூபாயிலிருந்து 5,000 ரூபாய் ஆனது. 20 ஆண்டு தாண்டிய வண்டிக்கு 2025-இல் இன்னும் கூடியது. இந்தச் செலவையும் விலையோடு சேர்த்துக் கணக்கிடுங்கள்.

2. எல்லைக்கு அப்பால் வண்டி விலை குறைவாகத் தெரியலாம். டி.என். வண்டியை வாங்கிக் கேரளத்தில் 12 மாதத்துக்கு மேல் வைத்திருந்தால் இங்கே மறுபதிவு செய்ய வேண்டும். அதற்கு அங்குள்ள அலுவலகத்தின் தடையில்லாச் சான்று தேவை. இங்கே வரியும் கட்ட வேண்டும்.

3. பெயர் மாற்றாமல் வண்டியைக் கொடுக்கவும் கூடாது, வாங்கவும் கூடாது. பெயர் மாறாத வண்டி யாரையாவது இடித்தால், விற்றவர் வீட்டுக்குத்தான் முதலில் நோட்டீஸ் வரும்.

4. இன்சூரன்ஸ் காலம் முடிந்ததா என்று பாருங்கள். பிறருக்கு ஏற்படும் சேதத்துக்கான இன்சூரன்ஸ் இல்லாமல் வண்டி ஓட்டுவது குற்றம்.

5. நம்பிக்கையான மெக்கானிக்கைக் கூட்டிப் போங்கள். வண்டியின் அடித்தகட்டில் துரு இருக்கிறதா என்று பார்க்கச் சொல்லுங்கள். மழை அதிகம் உள்ள ஊரில் துருதான் காருக்கு முதல் எதிரி. பிரேக், டயர், சீட் பெல்ட் மூன்றையும் சோதியுங்கள்.

6. எந்தக் காரானாலும் பெல்ட் போடுங்கள். பின் சீட்டிலும் போடுங்கள். முன் சீட்டில் குழந்தையை மடியில் வைக்காதீர்கள். மோதும்போது பிள்ளையின் எடை பல மடங்காகும். எவ்வளவு பலசாலியான தாயாலும் பிடிக்க முடியாது.

சேர்ந்து பேசுங்கள்

1. மாருதி 800 குறைந்த பெட்ரோலில் அதிக தூரம் ஓடியது எதனால்?
2. பெட்ரோலில் ஈயம் கலப்பதை ஏன் நிறுத்தினார்கள்?
3. உங்கள் ஊரில் பழைய கார் வைத்திருப்பவரிடம் பேசுங்கள். அது எந்த ஆண்டு வண்டி? அதன் பின் சீட்டில் பெல்ட் இருக்கிறதா?