கணக்குப் பார்ப்போம் – 11: வீட்டு வாசலில் கார், பரனூரில் கட்டணம்

சென்ற வாரம் மினிமம் பேலன்ஸ் அபராதத்தைப் பார்த்தோம். இந்த வாரம் அதைவிடச் சில்லறையான தொகை. ஆனால் கார், வேன் வைத்திருப்பவர் கணக்கில் மாதம் தவறாமல் தலைகாட்டுவது: டோல்கேட் கட்டணம்.

மாதக் கடைசியில் வங்கி ஸ்டேட்மென்ட்டைக் கையில் எடுத்தால் ‘ஃபாஸ்டேக் 500’, ‘ஃபாஸ்டேக் 1,000’ என்று வரிகள் இருக்கும். அவற்றை எத்தனை முறை படித்தாலும் எந்தச் சாவடியில் எவ்வளவு போனது என்று தெரியாது. காரணம், பெரும்பாலான டேக்குகள் வாலட் முறையில் இயங்குபவை. சேமிப்புக் கணக்கிலிருந்து போவது ரீசார்ஜ் தொகை மட்டும்தான். சுங்கம் அந்த வாலட்டிலிருந்து பிடிக்கப்படுகிறது. டேக் இருப்பு குறைந்தால் தானாக ரீசார்ஜ் ஆகும் வசதியும் உண்டு. அப்படிப்பட்ட ரீசார்ஜுக்கு 24 மணி நேரம் முன்பே அறிவிக்கத் தேவையில்லை என்று 2024 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி விலக்கு அளித்துவிட்டது. தானாக ரீசார்ஜ் ஆக ஒருமுறை சம்மதம் கொடுத்துவிட்டு மறந்தவர்கள்தான் ‘நான் ரீசார்ஜே பண்ணலையே’ என்று பதறுகிறார்கள்.

ஆகவே, பார்க்க வேண்டியது வங்கி ஸ்டேட்மென்ட் அல்ல, டேக் ஸ்டேட்மென்ட். டேக் கொடுத்த வங்கியின் ஆப்பிலோ இணையதளத்திலோ அதை இறக்கிக்கொள்ளலாம். பணம் போனதை வங்கி ஸ்டேட்மென்ட் சொல்லும். வண்டி எங்கே போனது என்பதை டேக் ஸ்டேட்மென்ட் சொல்லும். சண்டை போட இரண்டாவதுதான் வேண்டும்.

காசு போகும் பாதை

கண்ணாடியில் ஒட்டியிருக்கும் டேக்கில் பேட்டரி எதுவும் கிடையாது. சாவடியின் மேலே இருக்கும் ரீடர் அனுப்பும் ரேடியோ அலையில்தான் அது உயிர்பெற்று, தன் எண்ணைச் சொல்கிறது. அந்த எண் சாவடிக்காகப் பணம் வசூலிக்கும் வங்கிக்குப் போகிறது. அங்கிருந்து நேஷனல் பேமென்ட்ஸ் கார்ப்பரேஷனுக்கு. அங்கிருந்து உங்களுக்கு டேக் கொடுத்த வங்கிக்கு. உங்கள் வங்கி தொகையைக் கழித்துவிட்டு எஸ்.எம்.எஸ். அனுப்புகிறது.

இந்தப் பாதையில் எங்கே தடங்கல் வந்தாலும் கணக்கு பின்னால் ஏறும். இரவு 9 மணிக்கு விக்கிரவாண்டி சாவடியைத் தாண்டியவருக்கு விடிகாலையில் எஸ்.எம்.எஸ். வருவது இதனால்தான். டேக் ஸ்டேட்மென்ட்டில் இரண்டு நேரங்கள் இருந்தால் இரண்டையும் பாருங்கள். ரீடர் டேக்கைப் படித்த நேரம் ஒன்று, கணக்கில் பதிவான நேரம் இன்னொன்று. முதல் நேரத்தில் வண்டி அங்கே இருந்திருந்தால் எஸ்.எம்.எஸ். எப்போது வந்தாலும் அது தவறான பிடித்தம் அல்ல.

இன்னும் சில வரிகளும் தவறுபோல் தோன்றும், ஆனால் தவறல்ல. கட்டணம் ஆண்டுதோறும் திருத்தப்படுகிறது. தமிழ்நாட்டில் சில சாவடிகளுக்கு ஏப்ரல் 1, மற்றவற்றுக்கு செப்டம்பர் 1. சென்ற மாதம் கொடுத்ததைவிட 5 ரூபாய் கூடுதலாகப் போயிருந்தால் முதலில் தேதியைப் பாருங்கள். 500 ரூபாய் ரீசார்ஜ் செய்து 400 மட்டும் ஏறினால், முன்பு இருப்பு போதாமல் டேக்குக்காக நீங்கள் கட்டிய டெபாசிட்டிலிருந்து எடுத்ததை வங்கி ஈடுகட்டியிருக்கலாம். சில விமான நிலையங்களிலும் மால்களிலும் பார்க்கிங் கட்டணத்தையும் டேக்கிலிருந்தே எடுக்கிறார்கள்.

உண்மையான தவறுகள்

முதல் வகை, கார் வீட்டு வாசலில் நிற்கும்போது பரனூர் சாவடியில் கட்டணம் பிடிப்பது. டேக்கை யாரோ நகல் எடுத்துவிட்டார்கள் என்று பயப்பட வேண்டாம். பெரும்பாலும் நடப்பது வேறு. சாவடியில் ஒரு வண்டியின் டேக்கை ரீடர் படிக்கவில்லை என்றால், ஊழியர் வாகன எண்ணைக் கையால் தட்டுகிறார். ஒரு இலக்கம் மாறினால் அந்த எண் உங்களுடையதாக இருக்கலாம்.

இது தேசிய நெடுஞ்சாலை ஆணையமே ஒப்புக்கொண்ட பிரச்சினை. 2025 ஜனவரியில் அது வெளியிட்ட தகவலின்படி, இப்படித் தவறாகப் பிடித்த ஒவ்வொரு நிகழ்வுக்கும் சுங்கம் வசூலிக்கும் நிறுவனத்துக்கு 1 லட்சம் ரூபாய் அபராதம். 250-க்கு மேற்பட்ட நிகழ்வுகளில் அபராதம் விதித்த பிறகு இத்தகைய புகார்கள் 70 சதவிகிதம் குறைந்தனவாம். மாதம் சுமார் 30 கோடி பரிவர்த்தனைகளில் உண்மையான புகார்கள் ஏறத்தாழ 50 என்றும் ஆணையம் சொன்னது. ஆனால் அந்த 50, நடந்த தவறுகளின் எண்ணிக்கை அல்ல. யாரோ கவனித்து, புகார் கொடுத்து, சரிதான் என்று ஏற்கப்பட்டவற்றின் எண்ணிக்கை. கவனிக்காதவர் கணக்கு அதில் சேராது.

இரண்டாவது, இரட்டைப் பிடித்தம். “டேக் ரீட் ஆகல சார், காசு கொடுத்துட்டுப் போங்க” என்பார் ஊழியர். பின்னால் ஹாரன் அடிக்கிறார்கள், கொடுத்துவிட்டுப் போகிறோம். அரை மணி நேரத்தில் டேக்கிலிருந்தும் போய்விடும். விதி வேறு மாதிரி இருக்கிறது. செல்லத்தக்க டேக், போதிய இருப்பு இரண்டும் இருந்தும் சாவடியின் கருவி பழுதால் படிக்க முடியாவிட்டால், கட்டணம் இல்லாமலே விட வேண்டும். பூஜ்ஜியத் தொகைக்கு ரசீதும் தர வேண்டும். 2018 மே மாதத்திலிருந்து இதுதான் சட்டம். உங்கள் டேக்தான் செல்லாதது என்றால் கதை வேறு. 2025 நவம்பர் 15 முதல் வந்த திருத்தத்தின்படி, ரொக்கம் கொடுத்தால் இரு மடங்கு, யு.பி.ஐ.-யில் கட்டினால் ஒன்றேகால் மடங்கு. எப்படிக் கட்டினாலும் ரசீது வாங்காமல் நகராதீர்கள். ரசீது இல்லாத இரட்டைப் பிடித்தத்தை நிரூபிக்க முடியாது.

மூன்றாவது, திரும்பும் பயணச் சலுகை. ஒரே சாவடியை 24 மணி நேரத்துக்குள் போய்த் திரும்பிக் கடந்தால், இரண்டுக்கும் சேர்த்து ஒரு வழிக் கட்டணத்தின் ஒன்றரை மடங்குதான். ஒரு வழி 80 ரூபாய் என்று வைத்துக்கொள்ளுங்கள். போகும்போது 80, வரும்போது 40 பிடித்திருக்க வேண்டும். இரண்டு 80 இருந்தால், இரண்டு ரீடர் நேரங்களுக்கும் இடையே 24 மணி நேரம் தாண்டவில்லை என்று உறுதிசெய்துகொண்டு கேளுங்கள்.

நான்காவது, வாகன வகுப்பு. கார், ஜீப், வேன் எல்லாம் ஒரே வகுப்பு. இலகு ரக வணிக வாகனம் வேறு வகுப்பு. டேக் வாங்கும்போது வகுப்பு தவறாகப் பதிவாகியிருந்தால் ஒவ்வொரு சாவடியிலும் கூடுதலாகப் போய்க்கொண்டே இருக்கும். சாவடியில் இருக்கும் தானியங்கிக் கருவி உங்கள் வண்டியைப் பெரிய வகுப்பாகக் கணித்தால், வித்தியாசத் தொகை சில நாள் கழித்துத் தனி வரியாகவும் வரலாம். பயணமே போகாத தேதியில் திடீரென்று ஒரு பிடித்தம் தெரிந்தால் இதையும் யோசியுங்கள்.

ஐந்தாவது, விற்ற கார். டேக்கை மூடாமல் வண்டியைக் கொடுத்தால் புது உரிமையாளரின் பயணத்துக்கும் உங்கள் பணம் போகும். இதில் சாவடிமேல் குறையில்லை. சாவி கொடுப்பதற்கு முன் டேக்கை மூடச் சொல்லி வங்கிக்கு எழுதுங்கள். கண்ணாடியில் பழைய டேக்கும் புது டேக்கும் சேர்ந்து ஒட்டியிருப்பதும் வம்புதான்.

கடைசியாக, ஆண்டு பாஸ். 2025 ஆகஸ்ட் 15 முதல் சொந்த உபயோக கார், ஜீப், வேன்களுக்கு 3,000 ரூபாயில் ஓராண்டு அல்லது 200 பயணங்கள், எது முந்துகிறதோ அதுவரை என்று தொடங்கினார்கள். இது தேசிய நெடுஞ்சாலைகளுக்கும் தேசிய விரைவுச் சாலைகளுக்கும் மட்டும். மாநில அரசின் நிறுவனம் நடத்தும் உத்தண்டி சாவடியில் வழக்கம்போல் காசு போகும். பரனூரில் போனால்தான் கேள்வி. நம் ஊர்ச் சாவடிகளைப் போல ஒவ்வொரு சாவடியும் தனித்தனியாக வசூலிக்கும் சாலையில், ஒருமுறை கடப்பதே ஒரு பயணம், போய்வந்தால் இரண்டு. சென்னையிலிருந்து மதுரைக்குப் போய்வருவதை ஒரு பயணம் என்று கணக்கிட்டவர்கள் பாஸ் சீக்கிரம் தீர்ந்ததே என்று குழம்புகிறார்கள்.

யாரிடம் கேட்பது?

சாவடியில் வண்டியை ஓரங்கட்டிச் சத்தம் போடுவதால் பயனில்லை. அங்கே இருக்கும் ஊழியரால் உங்கள் வாலட்டில் ஒரு ரூபாயைக்கூடத் திருப்பிப் போட முடியாது. முதல் கதவு, டேக் கொடுத்த வங்கி. அதன் ஆப்பிலேயே அந்தக் குறிப்பிட்ட பரிவர்த்தனையைத் தேர்ந்தெடுத்துப் புகார் பதியும் வசதி பெரும்பாலும் உண்டு. உங்கள் வங்கி, சாவடி வங்கியிடம் பணத்தைத் திருப்பிக் கேட்கும். சாவடித் தரப்பு ஒத்துக்கொண்டால் தொகை திரும்பும். மறுத்தால் வண்டியின் படம் முதலிய ஆதாரங்களைக் காட்ட வேண்டும். இந்த நடைமுறைகளுக்குக் காலக்கெடு உண்டு என்பதால், தவறு கண்ணில் பட்ட உடனே எழுதுங்கள். ஒரு மாதம் தாண்ட விடாதீர்கள்.

‘காசு தப்பாகப் போயிடுச்சு, பாருங்க’ என்று எழுதினால் பொதுவான பதில்தான் வரும். இப்படி எழுதலாம்:

“இன்ன எண்ணுள்ள என் காருக்கு, இன்ன தேதி, இன்ன நேரம், இன்ன சாவடியில் இவ்வளவு ரூபாய் பிடிக்கப்பட்டுள்ளது. பரிவர்த்தனை எண் இது. அந்த நேரத்தில் என் வாகனம் அங்கே இல்லை. அந்தக் கடப்பின் வாகனப் படத்தையும், டேக் ரீடரால் படிக்கப்பட்டதா கையால் பதியப்பட்டதா என்ற விவரத்தையும் பெற்றுத் தாருங்கள். ஆதாரம் இல்லையெனில் தொகையைத் திருப்பி வரவு வைக்கவும்.”

படத்தைக் கேட்பதுதான் இதில் முக்கியம். வண்டி வரவில்லை என்பதற்கு நீங்கள் சாட்சி தேட வேண்டியதில்லை. வண்டி வந்தது என்று சொல்பவர்தான் காட்ட வேண்டும். ஆனாலும் அந்த நேரத்தில் கார் வேறெங்கோ இருந்ததற்கான சான்று, அதாவது அபார்ட்மென்ட் சி.சி.டி.வி., சர்வீஸ் சென்டர் ரசீது, பெட்ரோல் பங்க் பில் என எது இருந்தாலும் இணையுங்கள்.

தேசிய நெடுஞ்சாலைச் சாவடி என்றால் ஆணையத்தின் 1033 எண்ணிலும் சொல்லிவையுங்கள். 1 லட்சம் அபராதத்துக்கு வழி அந்தப் பக்கம்தான் இருக்கிறது. வங்கி 30 நாளாகியும் பதில் தராவிட்டால், அல்லது தந்த பதிலில் திருப்தி இல்லாவிட்டால், ரிசர்வ் வங்கியின் குறைதீர்ப்பாளரிடம் இணையத்திலேயே முறையிடலாம். கட்டணம் இல்லை, வக்கீல் தேவையில்லை. விவரம் கேட்க 14448. தேசிய நுகர்வோர் உதவி எண் 1915.

ஒரு எச்சரிக்கை. உதவி எண்ணை இணையத்தில் தேடி, முதலில் வருவதை அழைக்காதீர்கள். ‘உங்கள் கே.ஒய்.சி. காலாவதி, டேக் பிளாக் ஆகிவிடும்’ என்று லிங்க்குடன் வரும் எஸ்.எம்.எஸ்-ஐத் தொடவே வேண்டாம். சிக்னலில் கண்ணாடி துடைக்கும் சிறுவன் கைக்கடிகாரத்தால் டேக்கை ஸ்கேன் செய்து பணம் எடுப்பதாக 2022-ல் பரவிய வீடியோ பொய். பதிவுபெற்ற சாவடி அல்லது வணிகர் தவிர வேறு எவருக்கும் டேக்கிலிருந்து பணம் போகாது. உண்மையில் பணம் பறிப்பவர்கள் போனில் பேசி, ஓ.டி.பி. கேட்பவர்கள்தான்.

‘எண்பது ரூபாய்க்கு யார் அலைவது?’ என்று நாம் விட்டுவிடுவதால்தான் கையால் எண்ணைத் தட்டுபவர்களுக்கு அலட்சியம். உங்களுக்கு அது எண்பது ரூபாய். புகார் உண்மை என்று தெரிந்தால் வசூல் நிறுவனத்துக்கு அது 1 லட்சம். இந்த வார இறுதியில் கடைசி 30 நாள் டேக் ஸ்டேட்மென்ட்டை இறக்கி, வரிவரியாகப் பாருங்கள். தவறு ஒன்றே ஒன்று தெரிந்தாலும் எழுதிக் கேளுங்கள்.

(கணக்கு தொடரும்)