ஒரே ரூட்டை நம்பாதீங்க: இன்டர்நெட்டுக்கு வழி சொன்ன லூயி பூசானின் கதை



ஒரு கேள்வியோட ஆரம்பிக்கலாம். அடுத்த மாசம் உங்க அக்கவுன்ட்ல சம்பளம் கிரெடிட் ஆகலைன்னா, எத்தனை நாள் சமாளிப்பீங்க?

பதிலை மனசுல வச்சுக்கோங்க. இன்னைக்கு நாம பார்க்கப் போறது லூயி பூசான்ங்கிற ஒரு பிரெஞ்சு இன்ஜினியரோட கதை. இந்தப் பக்கம் உங்க மொபைலுக்கு வந்து சேர்ந்த விதத்துலயே அவரோட யோசனை இருக்கு. ஆனா அந்த யோசனையை ஓட்டிக் காட்டின ப்ராஜெக்டுக்கு, அவரோட நாட்டு அரசாங்கமே பணத்தை நிறுத்திடுச்சு.

சோம்பலை மிச்சப்படுத்தின மனுஷன்

1931-ல் பிரான்ஸில் பிறந்தவர் பூசான். பாரிஸின் புகழ்பெற்ற எக்கோல் பாலிடெக்னிக்கில் படிச்சார். புல் என்ற பிரெஞ்சு கம்ப்யூட்டர் கம்பெனியில் வேலை பார்த்தார். 1963-ல் அமெரிக்காவின் எம்ஐடிக்குப் போனார். அங்கே ஒரே கம்ப்யூட்டரைப் பல பேர் ஒரே நேரத்தில் பயன்படுத்துற சிடிஎஸ்எஸ் சிஸ்டம்ல வேலை.

ஒரே கமாண்டுகளைத் திரும்பத் திரும்ப டைப் பண்றது அவருக்குப் பிடிக்கலை. எல்லாத்தையும் ஒரு ஃபைல்ல எழுதி, மொத்தமா ஓட விடுற 'ரன்காம்' புரோகிராமை எழுதினார். லினக்ஸ் தெரிஞ்ச நண்பர்கள் 'பாஷ்ஆர்சி' ஃபைலைத் திறந்திருப்பீங்க. அந்தக் கடைசி 'ஆர்சி' இந்த ரன்காம்ல இருந்து வந்ததுதான். 'ஷெல்' என்ற பெயரைக் கொடுத்தவரும் இவர்தான்.

பாக்கெட் தன் வழியைத் தானே தேடும்

1971-ல் பிரெஞ்சு அரசு அவர் கையில் ஒரு நெட்வொர்க் ப்ராஜெக்டைக் கொடுத்தது. பெயர் சிக்ளாட். கிரேக்கத் தீவுக்கூட்டம் ஒன்றின் பெயர் அது. தனித்தனித் தீவா கிடக்கிற கம்ப்யூட்டர்களை இணைக்கணும், அதான் வேலை.

அப்போ டெலிபோன் துறைக்காரங்களோட வழக்கம் என்ன? போன் கால் மாதிரி, முதல்ல இங்கிருந்து அங்க வரைக்கும் ஒரு பாதையைப் பிடிச்சு வைக்கணும். அப்புறம்தான் டேட்டா போகும். நடுவுல பாதை அறுந்தா, கனெக்‌ஷனே போச்சு.

பூசான் மாத்தி யோசிச்சார். டேட்டாவைச் சின்னச் சின்னப் பாக்கெட்டா உடை. ஒவ்வொண்ணுலயும் போக வேண்டிய அட்ரஸை ஒட்டு. அது கிடைச்ச வழியில போகட்டும். ஒரு வழி அடைச்சா இன்னொரு வழி. ஏதாவது தொலைஞ்சா, வரிசை மாறி வந்தா, ரெண்டு முனையிலயும் இருக்கிற கம்ப்யூட்டர் பார்த்துக்கும். இதுதான் 'டேட்டாகிராம்'.

1973 நவம்பரில் டெமோ ஓடிச்சு. உள்ளே பாக்கெட்டுகளைக் கடத்துற நெட்வொர்க்குக்கு 'சிகால்'னு பேர். அப்படின்னா சிள்வண்டு. ஸ்பீக்கர் வச்சிருந்தாங்க. ஒவ்வொரு பாக்கெட் கடந்து போகும்போதும் சிள்வண்டு மாதிரி சத்தம் வருமாம்!

பணம் வந்த ரூட் ஒண்ணே ஒண்ணு

இங்கதான் கதை திரும்புது. 1974-ல் பிரான்ஸில் ஆட்சி மாறியது. சிக்ளாட்டுக்கு ஆதரவா இருந்த அரசு அலுவலகமே கலைக்கப்பட்டது. அரசின் டெலிபோன் துறை, முன்கூட்டியே பாதை பிடிக்கிற தன் சொந்த முறையில் டிரான்ஸ்பாக் என்ற நெட்வொர்க்கை 1978-ல் திறந்தது. சிக்ளாட்டுக்கு வந்த பணம் வத்திப்போனது. 1981-ல் மூடியே விட்டார்கள்.

கவனிச்சீங்களா? பாக்கெட்டுக்குப் பல வழி வேணும்னு சொன்ன மனுஷனோட ப்ராஜெக்டுக்குப் பணம் வர வழி ஒண்ணே ஒண்ணுதான். அது அடைபட்டதும் எல்லாமே நின்னு போச்சு. வேலையில அவர் எந்தத் தப்பும் பண்ணலை.

ஆனா யோசனை சாகலை. பூசான் குழுவில் இருந்த ஜெரார் லெ லான் ஸ்டான்ஃபோர்டுக்குப் போய் வின்ட் செர்ஃபோட வேலை பார்த்தார். செர்ஃப், பாப் கான் ரெண்டு பேரும் உருவாக்கின டிசிபி/ஐபியில் டேட்டாகிராம் முறை இடம் பிடிச்சது. 1983 ஜனவரி 1-ல் அமெரிக்காவின் ஆர்ப்பாநெட் அதுக்கு மாறியது. டிரான்ஸ்பாக் மேல ஓடின பிரான்ஸின் பிரபல மினிடெல் சேவை 2012 ஜூன் 30-ல் மூடப்பட்டது.

2013-ல் முதல் 'குயின் எலிசபெத் பொறியியல் பரிசு' பூசான், செர்ஃப், கான், டிம் பெர்னர்ஸ் லீ, மார்க் ஆண்ட்ரீசன் ஆகிய ஐந்து பேருக்குக் கிடைச்சது. பரிசுத்தொகை 10 லட்சம் பவுண்டு. அப்போ பூசானுக்கு வயசு 82. டெமோ ஓடி நாப்பது வருஷம் ஆகியிருந்தது!

சரி, நமக்கு என்ன?

திறமைக்கு ஒரு நாள் மரியாதை கிடைக்கலாம். ஆனா விருது ரிட்டயர்மென்ட் பிளான் ஆகாது. நல்லா வேலை பார்க்கிறவரையும் கிளையன்ட் பட்ஜெட் கட் ஆனா பெஞ்ச்ல உட்கார வைப்பாங்க.

இப்போ உங்க ரூட்டைப் பாருங்க. சம்பளம் கம்பெனியில இருந்து. குடும்பத்தோட ஹெல்த் இன்சூரன்ஸ் கம்பெனி பாலிசி. சேமிப்புல பெரிய பங்கு அதே கம்பெனி ஷேர். மூணும் ஒரே வயர். வயர் அறுந்தா மூணும் சேர்ந்து போகும். இஎம்ஐ மட்டும் தேதி தவறாம வரும்.

அதனால மூணு வேலை:

1. ஆறு மாசச் செலவை (இஎம்ஐயையும் சேர்த்து) தனி அக்கவுன்ட்லயோ எஃப்டியிலயோ வைங்க. மொத்தமா முடியலைன்னா, மாசாமாசம் சின்ன பாக்கெட்டா அனுப்புங்க.

2. கம்பெனி பாலிசி இருந்தாலும், சொந்தமா ஒரு ஹெல்த் பாலிசி எடுங்க. வயசு ஏற ஏற பிரீமியமும் ஏறும்.

3. உங்க வேலை உங்க மேனேஜருக்கு மட்டும் தெரிஞ்சா போதாது. எழுதுங்க, பகிருங்க, நாலு பேரோட தொடர்புல இருங்க. சிக்ளாட் மூடினாலும் பூசானின் யோசனை பிழைச்சது, அது வெளியே போயிருந்ததாலதான்.

இப்போ முதல் கேள்விக்கு வாங்க. எத்தனை நாள்? பதில் முப்பதுக்குள்ள இருந்தா, இந்தச் சம்பளத்துல இருந்தே ரெண்டாவது ரூட்டைப் போட ஆரம்பிங்க. உங்க நம்பரைக் கமென்ட்ல சொல்லுங்க. அடுத்த வீடியோல சந்திப்போம்!