முறிகண்டியில் ஒரு பிடி கச்சான்

பெருநகரங்களின் பழந்தெருக்களில் வழிகாட்டி முன்னே நடக்க, கடைக்குக் கடை நின்று சுவைத்துத் திரியும் உலாக்கள் உண்டென்பதை அன்பர்கள் அறிவர். அத்தகையதோர் உலா வன்னியிலும் எனக்கு வாய்த்தது. வழிகாட்டியவர் கிளிநொச்சியைச் சேர்ந்த, இளைப்பாறிய ஆசிரியர் ஒருவர். இடம், ஏ9 வீதியோரத்து முறிகண்டி.

பிள்ளையாருக்குத் தேங்காய் உடைத்தபின் நடந்தோம். இங்கே நிறுத்தி வணங்காமற் செல்லும் சாரதிகள் அரியர். வணங்கியவர் கச்சான் வாங்காது மீள்வதும் அரிதே.

முதற்கடையில் இரும்புத் தாச்சியிலே மணல் காய்ந்துகொண்டிருந்தது. அம்மையார் ஒருவர் கோதுடன் கச்சானைக் கொட்டிப் புரட்டினார். சுடுமணல் எப்பக்கமும் சமமாய்ச் சூடேற்றுவதாற் பருப்புக் கருகுவதில்லை என்று விளக்கினார் ஆசிரியர்.

"திண்டு பாத்து வாங்குங்கோ, தம்பி" என்று ஒரு பிடி நீட்டினார் அம்மையார்.

அடுத்த கடையிலும் ஒரு பிடி. அதற்கடுத்த கடையிற் கச்சான் அல்வாத் துண்டொன்று. மூன்றையும் சுவைத்து, மலிவான இடத்தில் மட்டும் வாங்க எண்ணி விலை விசாரித்தேன். ஆசிரியர் என் தோளைத் தொட்டார்.

"தம்பி, 2006 ஆகஸ்டிலை இந்தப் பாதையைப் பூட்டினாங்கள். வாகனம் நிண்டுது, இவையின்ரை அடுப்பும் நிண்டுது. 2009இலை சண்டை முடிஞ்ச பிறகுதான் திரும்ப மூட்டினவை. ருசி பாத்த கடையளிலை ஒவ்வொரு சரை வாங்கும்."

நாணத்துடன் மூன்று கடைகளிலும் வாங்கினேன்.

அன்பர்களே, அவ்வழியே செல்வீராயின் இறங்கிச் சற்று நடவுங்கள். சுவை பார்க்கக் காசு கேட்பாரில்லை. ஆயினும் சுவைத்த கடையை வெறுங்கையுடன் கடவாதீர்கள்.